மீதி மாத்திரைகள்

புது மருந்தால் பலனில்லை என்று கம்பெனி சோதனையையே நிறுத்திவிட்டது. மீதி மாத்திரைகளைத் திரும்ப வாங்க வீட்டுக்கே வந்த அதிகாரியிடம் ரெஜினா டப்பாவைக் கொடுக்கவில்லை. மூன்று வருடமாகக் கட்டையாய் விறைத்துக் கிடந்த அவளுடைய வலது கை விரல்கள் போன மாதம்தான் மடங்க ஆரம்பித்திருந்தன. நேற்று தன் தலையைத் தானே பின்னிக்கொண்டாள்.

"நூறு பேர்ல நாலு பேருக்குத்தாம்மா மருந்து கேட்டிருக்கு. அதைப் பலன்னு ஏத்துக்க மாட்டாங்க" என்றார் அவர்.

"அந்த நாலு பேர்ல நான் ஒருத்தி சார்."

"ரூல்ஸ்னு ஒண்ணு இருக்கும்மா. கொடுத்துடுங்க."

ரெஜினா டப்பாவை வலது கைக்கு மாற்றினாள். விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி இறுக்கிக்கொண்டு, கையை அவர் முன்னால் நீட்டினாள்.

"முடிஞ்சா விரலைப் பிரிச்சு எடுத்துக்கோங்க."

அவர் முதலில் சிரித்தார். பிறகு பையைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு கைகளாலும் முயன்றார்.