ஊன்றுகால்

ஜப்பானியத் தோட்டம் ஒன்றில், குளத்தோரமாக, முந்நூறு வயதுப் பைன் மரம் ஒன்று இருந்தது. தண்ணீர்ப் பக்கம் சாய்ந்த அதன் பெரிய கிளையை மர ஊன்றுகால் ஒன்று பன்னிரண்டு வருடமாகத் தாங்கி நின்றது. பைன் நாள் தவறாமல் தன் மூப்பைச் சொல்லிப் புலம்பும். ஊன்றுகால் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருக்கும்.

ஒரு மழைக்காலத்தில் ஊன்றுகால் மெல்லச் சொன்னது: "ஐயா, என் அடி உளுத்துப்போச்சு. இந்த மழையைத் தாண்ட மாட்டேன்."

"பன்னிரண்டு வயசுல உனக்கென்ன மூப்பு? என் இடுப்பு வலியைக் கேளு" என்றது பைன்.

மழை விட்டதும் தோட்டக்காரர் வந்தார். கிளைக்கடியில் புதிய ஊன்றுகாலை நிறுத்திவிட்டுப் பழையதைப் பிடித்து இழுத்தார். அதன் அடி ஒடிந்து மண்ணிலேயே தங்கிவிட்டது. மிச்சத்தை விறகுக்கு எடுத்துப்போனார்.

கிளை ஒரு விரற்கடைகூடத் தாழவில்லை. ஆனாலும் அன்று பைனுக்குப் புலம்பத் தோன்றவில்லை.

சாயங்காலம் புதிய ஊன்றுகால் பேச்சுக் கொடுத்தது: "ஐயா, நான் மலையில நின்ன தேவதாரு. எனக்கு முன்னால இங்கே நின்னவர் என்ன மரம்?"

பைன் அந்தப் பன்னிரண்டு வருடப் பேச்சையும் நினைத்துப் பார்த்தது.

"தெரியாதப்பா" என்றது. "நான் கேட்டதே இல்லை."