லாச்சப்பலில் ஒரு புள்ளி

கடைக் கதவைச் சாத்திய பிறகுதான் பார்த்தீபன் ஹெல்மெட்டைக் கழற்றினான்.

புத்தூர்க்காரன். பிரான்சுக்கென்று புறப்பட்டு, வழியில் ஏதோ ஓர் எல்லையில் பிடிபட்டு, போன கிழமை திருப்பி அனுப்பப்பட்டவன். இப்போது இணுவிலில், என் போன் கடைக்குப் பின்னால், கூட்டாளி ஒருவனின் அறையில் ஒளிந்திருக்கிறான்.

பிரான்சுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டதாக, ஊரில் இருக்கும் மனைவி சுபாஜினியிடம் சொல்லியிருக்கிறான். இன்று ஆறு மணிக்கு அவள் அழைப்பாள். எங்கே நிற்கிறான் என்று லொக்கேஷன் அனுப்பச் சொல்வாள்.

“அவளுக்கு இது எட்டாம் மாசம், அண்ணை. பிள்ளை பிறக்குமட்டும் தெரியக்கூடாது.”

பொய்க்கு உடந்தையாக இருப்பது எனக்குப் பிடிக்காது. ஆனாலும் போனை வாங்கினேன். அந்த முகத்தைப் பார்த்திருந்தால் நீங்களும் வாங்கியிருப்பீர்கள்.

இடத்தை மாற்றிக் காட்டும் செயலி அதில் இருந்தது. போனின் முழு அதிகாரத்தையும் கொடுத்தால்தான் அது வேலை செய்யும். அதைத்தான் ரூட் என்பார்கள். யாரோ அரைகுறையாக ரூட் செய்திருந்தான். பிறகு வந்த அப்டேட் அதையும் குழப்பிவிட்டது. திறக்கும்போதெல்லாம் ‘அனுமதி இல்லை’ என்றது.

கொம்பியூட்டரில் கொழுவி மறுபடி ஏற்றினேன். அனுமதி இல்லை.

பழைய பதிப்பைப் போட்டேன். போன் பாதியிலேயே உறைந்து நின்றது. ஐந்தரை மணிக்கு ரூட்டையே முதலிலிருந்து செய்யத் தொடங்கினேன்.

ஆறுக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது அனுமதி கிடைத்தது. எந்த இடத்தைப் போட என்று கேட்டேன். லாச்சப்பல் என்றான். பாரிசில் எங்கள் ஆட்களின் கடைத்தெரு. நீலப் புள்ளி இணுவிலை விட்டு அங்கே போய் நின்றது.

சுபாஜினி அழைத்தாள். லொக்கேஷனை அனுப்பிவிட்டு, வியர்வையைத் துடைத்துக்கொண்டே, சரியான குளிர் என்றான். அவள் சிரித்தது எனக்கும் கேட்டது. பாவம்.

“புள்ளி கொஞ்சமும் அசையாமல் நிக்குதே, அண்ணை. கண்டுபிடிப்பாளோ?”

உண்மையான புள்ளி அப்படி நிற்காது. போனை மேசையில் வைத்திருந்தாலும் நாலைந்து அடி அங்குமிங்கும் நகரும். தொழில் தெரிந்தவனுக்குத்தான் அது விளங்கும்.

மாட்டாள் என்றேன்.

என் அண்ணனும் லாச்சப்பலில்தான் இருக்கிறான். விடிந்ததும் அம்மா என் போனில் அவனுடைய புள்ளியைப் பார்த்துவிட்டுத்தான் தேத்தண்ணி குடிப்பார். பதினொரு மாதமாக அது ஒரு புடவைக்கடை வாசலை விட்டு ஓர் அடி நகரவில்லை.

கடைக்கு மேலேயே தங்கி ஓயாமல் வேலை செய்கிறான் என்று அம்மாவுக்கு விளக்கம் சொல்லிவந்தது நான்தான்.