உதட்டுப் பேச்சு

மடுல்சீமைத் தேயிலைத் தொழிற்சாலையில் நிரஞ்சலாவும் ஷெல்டனும் கொழுந்து அரைக்கும் மெஷின் அருகே வேலை செய்கிறார்கள். அந்த இரைச்சலில் குரல் எடுபடாது. எல்லோரும் உதட்டைப் பார்த்தே பேசிக்கொள்வார்கள். ஷெல்டன் காதலைச் சொன்னதும் அப்படித்தான்.

ஒரு நாள், படுக்கையில் கிடக்கும் அம்மாவுக்கு மருந்து வாங்கப் பதுளைக்கு வந்த நிரஞ்சலா, அவனோடு ஒரு மண்டபத்தில் பழைய ஜப்பானிய மௌனப் படம் பார்க்கப் போனாள். அம்மாவுக்கு ஏதாவதென்றால் போன் பண்ணுவதாகப் பக்கத்து வீட்டுக்காரி சொல்லியிருந்தாள்.

“இன்னைக்காச்சும் முடிவச் சொல்லு,” என்றான் ஷெல்டன்.

“அம்மாவ இப்பிடிப் போட்டுட்டு எப்பிடிங்க உங்களோட வர்றது?”

திரையில் ஒரு பெண் காதலனோடு வீட்டைவிட்டுக் கிளம்பினாள். வாசலில் நின்ற அவள் தாய் ஏதோ சொன்னாள். ‘பெற்றவளைவிட அவன் பெரிதா?’ என்று கீழே தமிழில் எழுத்து ஓடியது. நிரஞ்சலா எழுத்தைப் பார்க்கவில்லை. பழக்கத்தில் அந்தத் தாயின் உதட்டைப் பார்த்தாள்.

“நிரஞ்சி, மருந்து இனி வேணாம்டி. நீ அந்தப் பையனோடயே போயிரு,” என்றது அந்த உதடு.

ஷெல்டன் பிடித்திருந்த அவள் கையை விட்டான்.

“நீங்களும் பாத்தீங்களா?” என்று அவள் குரலில்லாமல் கேட்டாள்.

அவன் ஆமென்று தலையசைத்தான்.

அவள் மடியில் மருந்துப் பை அதிர்ந்துகொண்டிருந்தது. படம் தொடங்கும்போது சத்தத்தை நிறுத்திவிட்டு, போனை அதற்குள்தான் போட்டிருந்தாள்.