மலையும் நம்ம ஆளுதான்

"நம்ம சங்கத்துல யாரெல்லாம் இருக்காங்க தெரியுமா?" என்று கேட்டார் நத்தைகள் சங்கத்தின் தலைவர். "அதோ, அந்த மலையே நம்ம ஆளுதான். முதுகுல எவ்வளவு பெரிய கூடு பாரு! நடைதான் நம்மளவிட மெதுவு. என்னைக்காவது கூட்டத்துக்கு வந்து சேர்ந்துடுவார்."

புதிதாய்ச் சேர்ந்திருந்த நத்தைக்கு மனசு நிறைந்துவிட்டது. அப்பேர்ப்பட்டவரை ஒருமுறையாவது பார்த்துவிட வேண்டுமென்று பனிக்குள் ஊர்ந்து கிளம்பியது. மூன்று மழைக்காலம் கழித்து அடிவாரம் சேர்ந்து, சங்கத்து ரகசிய அடையாளப்படி இடது கொம்பை மடக்கிக் காட்டியது.

மலை மூடுபனியை விலக்கிக் குனிந்து பார்த்தது. "எறும்புச் சங்கத்துலயும் நான் இருக்கேனாம், மேகங்களோட சங்கத்துலயும் இருக்கேனாம். ஆனா பார்க்கணும்னு வந்தது நீ ஒருத்தன்தான்ப்பா."

அந்த வார்த்தையைச் சுமந்துகொண்டு நத்தை இன்னும் மூன்று மழைக்காலம் ஊர்ந்து திரும்பியது. கூடெல்லாம் பாசி படர்ந்திருந்த அதைத் தலைவர் வாசலிலேயே நிறுத்தினார். நத்தை இடது கொம்பை மடக்கிக் காட்டியது.

"அதையெல்லாம் மாத்தியாச்சு," என்றார் தலைவர். "இது சாதாரணச் சங்கம் இல்ல. மலையையே நேர்ல பார்க்கப் போனவர் எங்க ஆளு. உனக்கு இங்க யாரைத் தெரியும்?"