பச்சையை அழுத்தினால் போய்விடும்

சத்தத்தை நிறுத்தினால் போதும் என்றுதான் வந்திருந்தார்.

ரீசார்ஜ் கடையின் மேசைமேல் போனை வைத்தார். வைத்த வேகத்திலேயே கோபம் தெரிந்தது.

மானம் போய்விட்டது. பேருந்து நிலையத்தின் நேரக் காப்பாளர் அவர். சங்கரன்கோவில் பேருந்துக்கு மைக்கில் அறிவிப்புச் சொல்லிக்கொண்டிருந்தபோது சட்டைப் பைக்குள் சேவல் கூவியது. ஒலிபெருக்கி அதை நிலையம் முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்தது. கூட்டம் சிரித்தது. ஒரு கண்டக்டர் பதிலுக்குக் கூவியே காட்டினார்.

ஏதோ விளையாட்டு, எப்படி உள்ளே நுழைந்ததென்றே தெரியவில்லை, தினமும் இரண்டு மூன்று தடவை கூவி உயிரை எடுக்கிறது என்று கடைக்காரி ஜெபராணியிடம் சொன்னார்.

இத்தனை நாளும் என்ன செய்தீர்கள் என்று கேட்டாள்.

திரையில் வரும் பச்சைப் பொத்தானை அழுத்துவார். சத்தம் போய்விடும்.

பக்கத்தில் சிவப்பும் இருந்தது. அதைத் தொட்டால் போனில் இருப்பதெல்லாம் அழிந்துவிடுமோ என்று பயம். முப்பது வருடமாகப் பேருந்துகளோடு கிடப்பவர். பச்சை என்றால் கிளம்பிவிடும் என்பதில் அவருக்குச் சந்தேகமே வந்ததில்லை.

ஜெபராணி திறந்து பார்த்தாள். முதலில் சிரித்தாள். பிறகு சிரிக்கவில்லை.

அது தோட்டம் போடுகிற விளையாட்டு. வேண்டியவர்கள் இருவர் தோட்டங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக்கொள்ளலாம். ஒருவருக்குப் பயிர் வாடினால் அடுத்தவரிடம் தண்ணீர் கேட்கலாம். கேட்டால் சேவல் கூவும். பச்சையை அழுத்தினால் தண்ணீர் போகும். சிவப்பை அழுத்தினால் மாட்டேன் என்று பதில் போகும்.

"இது தானா வர்றதில்ல சார். அவங்க கேட்டாத்தான் வரும்."

அவங்க என்றால் யார் என்று கேட்டார்.

போனை அவர் பக்கம் திருப்பினாள்.

ஆங்கில எழுத்துதான். ஆனாலும் படித்துவிட்டார். பள்ளிக்கூடத்தில் சேர்த்த அன்று அந்தப் பெயரை எழுத்துக் கூட்டிச் சொன்னதே அவர்தான்.

மஞ்சரி.

அவர் மகள்.

போன ஆடியில் வேறு சாதிப் பையனோடு போய்ப் பதிவுத் திருமணம் செய்துகொண்டாள். தன் அண்ணன் தம்பிகள் சுற்றி நிற்க, அவர் தலைமுழுகினார். தெருமுனையில் அவள் படத்தைப் போட்டுக் கண்ணீர் அஞ்சலி பேனர் கட்டினார். உயிரோடு இருக்கிறவளுக்கு.

போனிலிருந்து அவள் எண்ணை அழித்தார். வீட்டில் யாரும் அவள் பேச்சை எடுக்கக் கூடாது என்றார். மனைவி எடுக்கவில்லை. அவரிடமும் அதன் பிறகு அதிகம் பேசுவதில்லை.

எல்லாக் கதவையும் அடைத்துவிட்டதாகத்தான் நினைத்திருந்தார். அவள் வீட்டில் இருந்த நாளில், ஒரு ஞாயிற்றுக்கிழமை, பக்கத்துத் தோட்டத்துக்கு ஆள் வேண்டும் என்று அவர் போனை வாங்கி எதையோ ஏற்றியது இப்போதுதான் ஞாபகம் வந்தது.

பேனர் விஷயம் ஜெபராணிக்கும் தெரியும். பேருந்து நிலையத்தில் தெரியாதவர் யார். அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டு, ஏழு மாதமாக ஒரு நாள் விடாமல் தண்ணீர் விட்டிருக்கிறீர்கள் என்றாள்.

மஞ்சரியின் தோட்டத்தைத் திறந்து காட்டினாள்.

தளதளவென்று இருந்தது. தக்காளி, வெண்டை, ஓரத்தில் கனகாம்பரம். பாத்திக்குப் பாத்தி பெயர் வைக்கலாமாம். கனகாம்பரப் பாத்தியில் மட்டும் தமிழில் எழுதியிருந்தாள்.

அப்பா தண்ணி விட்டது.

நான் விடவில்லை, எனக்குத் தெரியவே தெரியாது என்று சொல்ல வாயெடுத்தார். யாரிடம் சொல்வது? ஏழு மாதமாக அப்பா தன்னோடு தினமும் பேசிக்கொண்டிருக்கிறார் என்று ஒருத்தி எங்கேயோ நம்பிக்கொண்டிருக்கிறாள்.

ஜெபராணியின் கையிலேயே சேவல் கூவியது.

பச்சை. சிவப்பு.

எதையும் தொடாமல் விட்டால் என்ன ஆகும் என்று கேட்டார். ஒரு நாள் தாங்கும், அப்புறம் காய்ந்துவிடும் என்றாள்.

சத்தத்தை மட்டும் நிறுத்தித் தர முடியாதா என்று கேட்டார். வந்த வேலை அதுதான்.

"நிறுத்திரலாம் சார். உங்களுக்குக் கேக்காது, அவ்வளவுதான். அவங்க கேட்டுக்கிட்டேதான் இருப்பாங்க."

நாற்காலியில் உட்கார்ந்தார்.

நேற்றுவரை அழுத்தியது தெரியாமல் அழுத்தியது, அது கணக்கில் சேராது. இனி அழுத்தினால் தெரிந்தே அழுத்துவது. ஊரைக் கூட்டித் தலைமுழுகிவிட்டு அண்ணன் முகத்தில் எப்படி விழிப்பது? அழுத்தாமல் விட்டால், நாளைக்கு அந்தக் கனகாம்பரத்தைப் பார்த்து அவள் புரிந்துகொள்வாள். பேனர் கட்டிய அன்று கை நடுங்கவில்லை. அவள் பார்க்கமாட்டாள் என்ற தைரியம்.

வெளியே ராஜபாளையம் பேருந்து ஹாரன் அடித்தது. அவருக்காகத்தான். அறிவிப்புச் சொல்லாமல் எடுக்க முடியாது.

எழுந்தார். போனை எடுக்கவில்லை.

"எதையாச்சும் அழுத்திரும்மா. எதுன்னு எங்கிட்டச் சொல்ல வேணாம்."

கடையைத் திரும்பிப் பார்க்காமல் அறைக்குப் போனார். மைக்கைப் பிடித்தார். ராஜபாளையம் செல்லும் பேருந்து புறப்படத் தயாராக உள்ளது என்றார். மூன்று முறை சொல்வது வழக்கம்.

மூன்று முறை சொன்னார். நான்காவது முறையும் சொன்னார்.

பேருந்து கிளம்பி, வளைவில் திரும்பி, சாலையில் ஏறிப் போய்விட்டது. இனி போனை வாங்கக் கடைக்குப் போக வேண்டியதுதான்.

அவர் சொல்லிக்கொண்டே இருந்தார்.