புதுச் சட்டி

வெங்காயம் கருகியதற்கும் ரோகினி புருஷனைத்தான் திட்டினாள்.

வீட்டுக்குள் சாமி மேடை இருப்பதால் மாட்டிறைச்சிக்கு உள்ளே இடமில்லை. பின்வாசல் குழாயடியில் சின்ன கேஸ் அடுப்பை வைத்து, செம்பனைத் தோட்டத்துக்குள்ளிருந்து வரும் கொசுக்களுக்குக் காலைக் கொடுத்துக்கொண்டு நின்றாள்.

தான் தொடாத கறியை, தனக்கு ஆகாத ஆட்களுக்காகக் கிண்டுவது என்ன தலையெழுத்தோ.

"சாயங்காலம் நாலு பேரு சாப்பிட வராங்க" என்று காலையில் ஹேமநாதன் சொன்னான். யாரென்று அவள் கேட்கவில்லை. கோலா சாவா முச்சந்திக் கடையில் தினமும் அவனோடு உட்கார்ந்து குடிப்பவர்களும் நாலு பேர்தான்.

இத்தனை நாள் கடையோடு நின்றது, இன்றைக்கு வீட்டுக்கே வருகிறது. அதனால்தான் மகளைக் காலையிலேயே பாரோயில் அண்ணன் வீட்டில் கொண்டுபோய் விட்டாள். தன் துணிகளையும் ஒரு பையில் அடைத்து முன்கதவோரம் வைத்திருந்தாள். இந்தக் கோஷ்டி தின்றுவிட்டுப் போனதும் அவளும் போய்விடுவாள், அதன் பிறகு திரும்பி வருவதாக இல்லை.

ஹேமநாதன் அந்தப் பையைப் பார்த்தான். அதைத் தாண்டிக்கொண்டு உள்ளே போனான். அது வேறு எரிச்சலாக இருந்தது.

அரைத்த இறைச்சி, காகிதத் தட்டுகள், ஒரு புதுச் சட்டி எல்லாம் அவன்தான் வாங்கி வந்தான். வீடு நிறையச் சட்டி கிடக்கப் புதுசு எதற்கு? மாட்டுக்கறி வீட்டுச் சட்டியில் படக்கூடாது என்கிற ஒழுக்கமெல்லாம் இவனுக்கு எப்போது வந்தது?

செய்முறை, அவளோடு ஆபீசில் வேலை பார்க்கும் துஷ்யந்தி சொன்னது. வதங்கிய வெங்காயத்தில் இறைச்சியை உதிர்த்துப் போட்டு, தக்காளி சாசும் மிளகாய் சாசும் விட்டுக் கொதிக்கவைத்து, தளதளவென்று இருக்கும்போதே பன் ரொட்டிக்குள் அள்ளி வைக்க வேண்டும். "கடைசியில கொஞ்சம் பிராந்தி விட்டுப் பாருங்கோ, ருசியே வேற" என்றும் சொல்லியிருந்தாள்.

பிராந்தி தேடாமலே கிடைத்தது. ரொட்டியை எடுக்க அவனுடைய மோட்டார் சைக்கிள் சீட்டைத் தூக்கினாள். ரொட்டிப் பைக்கு அடியில் தட்டையான ஒரு போத்தல். பாதிக்கு மேல் இருந்தது.

தைப்பூசத்தன்று சாமி மேடை முன்னால் நின்று, இனிமேல் தொடமாட்டேன் என்று சத்தியம் செய்தவன். குடிகாரன் பேச்சு விடிஞ்சா போச்சு என்று அவள் அன்றைக்கே சிரித்தாள். மறுநாள் சாயங்காலமே அவன் அந்தக் கடையில் உட்கார்ந்திருந்தான். அன்றிலிருந்து அவன் பக்கம் முகத்தைத் திருப்பிப் படுப்பதையே அவள் விட்டுவிட்டாள்.

மூடியைத் திருகினாள். முகர்ந்து பார்க்கக்கூடத் தோன்றவில்லை. முழுவதையும் சட்டியில் கவிழ்த்துவிட்டுப் போத்தலை வேலிக்கு அந்தப் பக்கம் செம்பனைக்குள் வீசினாள். குடிக்கத்தானே வருகிறார்கள், தின்றே குடிக்கட்டும்.

குழம்பு தண்ணீராகிவிட்டது. தீயைக் கூட்டி வற்றும்வரை கிண்டினாள். கை வலித்தது. அதற்கும் அவனைத்தான் திட்டினாள்.

வாசலில் கார் வந்து நின்றது.

எட்டிப் பார்த்தாள். அவன் வேலை செய்யும் எண்ணெய் ஆலையின் புது மேற்பார்வையாளர், மண்டோர் ரஹிம் இறங்கினார். பின்னால் தலையை மூடித் தூடோங் கட்டிய அவர் மனைவி, கையில் பலகார டப்பா. அப்புறம் இரண்டு பிள்ளைகள்.

நாலு பேர்.

சட்டி ஏன் புதிது என்று ரோகினிக்கு இப்போதுதான் புரிந்தது. அவர்கள் சாப்பிடக்கூடாத எதுவும் அதில் பட்டிருக்கக்கூடாது. அதற்குள்தான் அவள் ஒரு போத்தல் பிராந்தியை ஊற்றி வைத்திருக்கிறாள்.

ஹேமநாதன் பின்வாசலுக்கு வந்தான். "ஆயிடுச்சா?"

"இத அவங்களுக்குக் குடுத்துராதீங்க" என்றாள். அடுப்பை அணைத்தாள். "ஒங்க மோட்டார்ல இருந்த பிராந்திய இதுல ஊத்திட்டேன்."

அவன் கத்துவான் என்று எதிர்பார்த்தாள். அவன் குனிந்து சட்டிக்குள் பார்த்தான்.

"அவங்க சாப்பிடலாம்லா" என்றான் மெதுவாக. "அது தேத்தண்ணி. கடையில கையில ஒன்னும் இல்லாம உக்காந்தா அவனுங்க விடமாட்டானுங்க. அதான் பழைய போத்தல நல்லா கழுவி, அதுல ஊத்தி எடுத்துட்டுப் போவேன். பூசத்துலேர்ந்து."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"சொன்னேனே. நீ சிரிச்ச."

நம்ப ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் இதே முகத்தை வைத்துக்கொண்டு எத்தனை பொய் சொல்லியிருக்கிறான். முகர்ந்து பார்க்கப் போத்தலும் இல்லை. உள்ளே அந்தப் பிள்ளைகள் சிரிக்கிற சத்தம் கேட்டது. இவன் பேச்சை நம்பி அவர்கள் வாயில் வைத்துவிட்டால் அந்தப் பாவத்தை எங்கே போய்க் கழுவுவது?

ரோகினி கரண்டியை எடுத்துச் சட்டியில் விட்டாள்.

"ஏ, வேணாம். நீதான் மாடு தொட மாட்டியே" என்று அவன் கையைப் பிடிக்க வந்தான்.

பிறந்ததிலிருந்து தொடாததைக் கண்ணை மூடிக்கொண்டு நாக்கில் வைத்தாள். காரம். புளிப்பு. அடியில், அவள் போடாத சீனி. அவளுக்கு நன்றாகத் தெரிந்த அந்த நெடி எங்கேயும் இல்லை.

குழாயைத் திறந்து வாய் கொப்பளித்தாள். முகத்தையும் கழுவினாள். முகம் கழுவத்தான் நேரமாயிற்று.

"சீனி கூடிப்போச்சு" என்றாள்.

பிறகு ரொட்டிகளைப் பிளந்து, கறியை அள்ளி வைத்து, தட்டை அவன் கையில் கொடுத்தாள்.

"உள்ள போறப்ப அந்தக் கதவோரத்துல இருக்குற பேக்க எடுத்து ரூம்ல வச்சிருங்க. பிள்ளைங்க தடுக்கி விழப்போவுது."