போதிய காரணம்

மதுவால் ஒரு குடும்பம் அழிய வேண்டுமென்றால் அந்த வீட்டில் யாராவது குடித்தாக வேண்டும் என்று பரவலான நம்பிக்கை ஒன்று இருக்கிறது. படித்தவர்களே நம்புகிறார்கள். தவறு. லைசென்ஸுக்கு விண்ணப்பித்தாலே போதும்.

சாப்பாட்டுக் கடை நடத்தும் ஒருவர் அப்படி விண்ணப்பித்தார். கடையின் மாடியில் ஒரு பார் வைக்கத் திட்டம். டெபாசிட் கட்டுவதற்காக வீட்டுப் பத்திரம் வங்கிக்குப் போனது. குறைந்ததை மனைவியின் தம்பி கொடுத்தான். சொந்தமாக ஒரு வேன் வாங்கச் சேர்த்து வைத்திருந்த பணம்.

அதிகாரிகள் வந்து மாடியைப் பார்த்தார்கள். எல்லாம் சரி என்றார்கள். மறுநாளே கடைக்காரர் விண்ணப்பத்தை வாபஸ் வாங்கினார். காரணம் என்று கேட்டிருந்த இடத்தில் ‘சொந்தக் காரணம்’ என்று எழுதிக் கொடுத்தார்.

இடத்தைப் பார்வையிட்ட பிறகு விலகினால் டெபாசிட் அரசுக்குப் போய்விடும். போதிய காரணம் இருந்தால் மட்டுமே திரும்பி வரும். குடும்பத்தில் கடும் நோய் என்பது போல. எவ்வளவு இருந்தால் போதும் என்று விதியில் இல்லை. அதைச் சொல்வதற்குத்தான் நீதிபதிக்குச் சம்பளம்.

டெபாசிட்டைத் திரும்பக் கேட்டு அவர் போட்ட வழக்கு விசாரணைக்கு வந்தது.

“சொந்தக் காரணம்னு எழுதினா சொந்தக் காசுதான் சார் போகும்,” என்றார் வக்கீல் அம்மா, கோர்ட் வராந்தாவில். “இப்ப கூப்பிட்டுருவாங்க. இப்பவாவது சொல்லுங்க. வீட்ல யாருக்காவது உடம்பு சரியில்லையா?”

“எல்லாரும் நல்லா இருக்கோம் மேடம்.”

“நல்லாத்தான் இருந்தோம்,” என்றாள் மனைவி. “இனிமே எங்க இருப்போம்னுதான் தெரியல.”

“நான் சொல்றேன் மேடம் காரணத்தை,” என்றான் மைத்துனன். “பயம். சோடா பாட்டில் திறந்தாலே மாமாவுக்குத் தூக்கிவாரிப் போடும். இவரு பார் நடத்தப் போனாராம்.”

“டேய், சும்மா இரு,” என்றாள் அக்கா. அவள் குரலில் தடுக்கும் எண்ணம் எதுவும் இல்லை.

“என்ன சும்மா இரு? உன் வீடு, என் வேன். ரெண்டையும் ஒரே கையெழுத்துல ஊதிட்டாரு. ஏன்னு கேட்டா வாயில கொழுக்கட்டையா? ஆம்பளைன்னா பதில் சொல்லட்டும்.”

கடைக்காரர் எதிர்ச் சுவரில் இருந்த ‘இங்கே எச்சில் துப்பாதீர்கள்’ என்ற அறிவிப்பைப் படித்தார். இரண்டாம் தடவை படிக்கும்படி அதில் ஒன்றுமில்லை. ஆனாலும் படித்தார்.

உள்ளே நீதிபதி கேட்டார். “எதுக்காக விலகினீங்க?”

“பயந்துட்டேங்கய்யா.”

“யாராவது மிரட்டினாங்களா?”

“இல்லைங்கய்யா. நானாத்தான்.”

பயம் போதிய காரணம் ஆகாது என்று மனு தள்ளுபடியானது. பின்வரிசையில் மைத்துனன் சிரித்துவிட்டான். தன் பணமும் சேர்ந்து போனது அவனுக்கு ஒரு நொடி கழித்துத்தான் உறைத்தது.

அக்காவும் தம்பியும் இவருக்காக நிற்காமல் படியிறங்கிப் போனார்கள்.

“அப்பீல் போக இன்னும் நேரம் இருக்கு,” என்றார் வக்கீல். “என்கிட்டயாவது உண்மையைச் சொல்லுங்க சார். பயந்த ஆள் மாதிரி தெரியலையே நீங்க.”

அக்காவும் தம்பியும் கேட்டைத் தாண்டும் வரை கடைக்காரர் காத்திருந்தார்.

“அதிகாரிங்க வந்தன்னிக்கு மச்சானும் மாடிக்கு வந்தான் மேடம். எல்லாரும் கிளம்பினப்புறம், ‘மாமா, சாயந்தரத்துல கல்லாவுல நான் உக்காந்துக்கறேனே’ன்னான். என்னைப் பார்த்துக் கேட்கல. பாட்டில் அடுக்கறதுக்குன்னு வாங்கி வச்ச காலி அலமாரியைப் பார்த்துக் கேட்டான்.”

“அதனால என்ன?”

“குடிச்சுக் குடிச்சு சாகப் பொழைக்கக் கிடந்தவன். வெளியூர்ல வேலைன்னு அவன் அக்காகிட்ட சொல்லிட்டு, ஆஸ்பத்திரியில சேர்த்து மீட்டுட்டு வந்தது நான்தான். இன்னிக்கு வரைக்கும் அவளுக்குத் தெரியாது. நாலு வருஷமா அவன் தொடல. அன்னிக்கு அந்த அலமாரியைப் பார்த்தது பழைய பார்வை மேடம்.”

வக்கீல் பேனாவை எடுத்தார்.

“இதைத்தானே சார் இவ்வளவு நாளா கேக்கறேன். குடியும் நோய்தான். ஆஸ்பத்திரியில ஒரு சர்டிபிகேட் வாங்கிக் கொடுங்க. வீட்டை மீட்டுடலாம்.”

“அவன் பள்ளிக்கூட வேன் ஓட்டறான் மேடம்.”

வக்கீல் எழுதத் தொடங்கிய வரியை அடித்தார்.

“அவன்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே. எல்லார் முன்னாடியும் வாய்க்கு வந்தபடி பேசறானே.”

“அதெல்லாம் தன்னை விட்டுப் போயிடுச்சுன்னு நம்பறான். அந்த நம்பிக்கையிலதான் நிக்கிறான். பேசிட்டுப் போகட்டும்.”

பேனாவை மூடி வக்கீல் பைக்குள் போட்டுக்கொண்டார்.

அப்பீல் செய்யப்படவில்லை. வீடு வங்கிக்குப் போனது. கணவனும் மனைவியும் கடையின் மாடிக்கு மாறினார்கள். மைத்துனன் அந்தத் தெரு வழியாக வேன் ஓட்டுவதை விட்டுவிட்டான். அங்கிருக்கும் பிள்ளைகள் தெருமுனை வரை நடந்து போய் ஏறிக்கொள்கிறார்கள்.